சுருங்கச் சொல்லலும் குன்றக் கூறலும்

சித்திரங்களை அசையச் செய்து காட்டும் படங்களுக்கு இலக்கியப் பக்கத்தில் என்ன வேலை என்று அன்பர் சிலர் முகஞ் சுளிக்கக்கூடும். சிறுவரின் பொழுதுபோக்கு என்று அவற்றை ஒதுக்கிவைப்பது கற்றோரிடையே வழக்கமாகிவிட்டது. ஆயினும் சொல்லைக் கொண்டு ஆக்குவோனுக்கும் கோட்டைக் கொண்டு ஆக்குவோனுக்கும் முன்னே நிற்கும் வினா ஒன்றே: எதனை வைப்பது, எதனை விடுவது? நன்னூலார் நூலின் அழகு பத்தினை வகுத்தபோது சுருங்கச் சொல்லலை முதலில் வைத்தார். குற்றம் பத்தினை வகுத்தபோது குன்றக் கூறலை முதலில் வைத்தார். இரண்டும் சொற்குறைவுதான். அக்குறைவு ஓரிடத்து அழகாகவும் மற்றோரிடத்துக் குற்றமாகவும் நிற்பது எவ்வாறு என்பதை மாணவர்க்கு விளக்குவது எளிதன்று. அதனை விளக்குதற்கு அமெரிக்காவிலிருந்த சித்திரப்படக் கூடமொன்றின் வரலாறு எனக்குப் பெரிதும் உதவியிருக்கின்றது.

அக்கூடத்தின் பெயர் யுனைற்றெட் புரொடக்ஷன்ஸ் ஒவ் அமெரிக்கா. முதலெழுத்துக்களைக் கொண்டு யூ. பீ. ஏ. என்று வழங்குவர். இக்கூடத்தின்மேல் ஒரு பழி உண்டு. அசைவைக் குறைத்து, பின்னணியைத் துடைத்து, மலிவாகப் படம் எடுக்கும் வழியை முதலிற் காட்டியவர்கள் இவர்களே என்றும், பிற்காலத்தில் தொலைக்காட்சியை நிரப்பிய உயிரற்ற சித்திரப் படங்களுக்கெல்லாம் இதுவே தாய்வீடு என்றும் கூறுவோர் உளர். அற்றன்று என்பதே எமது துணிபு. தாய் ஈன்றதை விட்டுவிட்டு, அவள் உடுத்த சேலையை மட்டும் களவாடிச் சென்றோரைப் பிள்ளைகள் என்று கூறுதல் தகுமோ?

கதையை டிஸ்னியிலிருந்து தொடங்கவேண்டும். 1937இல் ‘ஸ்நோ வைற்’ வெளிவந்து உலகை வியக்கச் செய்தது. 1940இல் ‘பினோக்கியோ’வும் ‘பன்ராசியா’வும் வந்தன. நீரின் ஒளி, துணியின் மடிப்பு, விலங்கின் மயிர் ஆகியவற்றையெல்லாம் மெய்யென மயங்கும்படி தீட்டுவதே அங்கு குறிக்கோளாக நின்றது. திரைப்படம் ஒரு விநாடிக்கு 24 படங்களாக ஓடுவது. இயக்கம் வழுவாது தோன்றவேண்டுமாயின் விநாடிக்குப் பன்னிரண்டு சித்திரமாயினும் வேண்டும். சிலவிடத்து இருபத்துநான்கும் வேண்டும். இந்த உழைப்பை மிகைபடக் கூறல் என்று தள்ளிவிட யாம் துணியோம். அது ஒரு பெருங்காப்பிய நெறி. ஆனால் காப்பியம் ஒன்றே கவிதை என்று விதி வகுக்கப்பட்டால் தனிச்செய்யுள் பாடுவோன் எங்கே போவான்? அக்கூடத்தில் இருந்த இளைஞர் சிலருக்கு அவ்வினா எழுந்தது. 1939இல் கட்டிடக் கலைஞர் பிராங்க் லொயிட் றைற் அங்கு வந்து, நாட்டுப்புறக் கதையொன்றை எளிய உருவங்களால் அமைத்த இரஷ்யச் சித்திரப்படம் ஒன்றைக் காட்டினார். அதனைக் கண்டு உள்ளம் மாறியவருள் ஒருவர் ஜோன் ஹப்லி. இவர் பெயரை வாசகர் நினைவில் வைத்துக்கொள்க.

1941 மே மாத இறுதியில் டிஸ்னி கூடத்தில் வேலைநிறுத்தம் மூண்டது. சம்பள ஏற்றத்தாழ்வு, படத்திற் பெயர் போடாமை, வேலைநீக்கம், தொழிற்சங்கத்தை ஏற்க மறுத்தல் எனப் பல காரணங்கள் சேர்ந்திருந்தன. ஆர்ட் பாபிற் என்னும் தேர்ந்த சித்திரக்காரர் சங்கத்தில் ஈடுபட்டமைக்காக விலக்கப்பட்டதும் தீ பற்றிக்கொண்டது. வேலைநிறுத்தம் முடிந்த பின்னரும் மனக்கசப்பு முடியவில்லை. பலர் வெளியேறினர். டேவிட் ஹில்பேர்மன், சக்கரி ஷுவார்ட்ஸ், ஸ்ரீபன் பொசஸ்ரோ என்னும் மூவர் 1943 அளவில் ஒரு சிறு நிறுவனத்தைத் தொடங்கினர். அதுவே சில ஆண்டுகளில் யூ. பீ. ஏ. என்று பெயர் பெற்றது.

முதலிற் புகழ் தந்த படம் 1944இல் மோட்டார்த் தொழிலாளர் சங்கத்துக்காக எடுத்த தேர்தற் பிரசாரப் படம். ரூஸ்வெல்ற் புதுமுறைப் புகைவண்டியாகவும், எதிர்த்து நின்ற டூயி பழைய வண்டியாகவும் வருவர். அதனை இயக்கியவர் வோர்னர் நிறுவனத்திற் பணியாற்றிக்கொண்டே ஓய்வு நேரத்தில் உதவிய சக் ஜோன்ஸ். அடுத்து வந்த ‘பிரதர்ஹூட் ஒவ் மான்’ மனித இனங்களுக்கிடையே உயர்வு தாழ்வு இல்லை என்பதை மானிடவியலார் ரூத் பெனடிக்ற், ஜீன் வெல்ற்பிஷ் ஆகியோரின் சிறு நூலைத் தழுவி எடுத்துரைத்தது. கடற்படை விமானிகளுக்குப் பாதுகாப்புப் பாடம் புகட்டும் படங்களும் இவர்கள் செய்தனர். கையிற் பணம் குறைவு. சித்திரம் தீட்டும் ஆட்களும் குறைவு. சுருக்கத்துக்கு வறுமையும் ஒரு காரணம் என்பதை மறைக்கவேண்டியதில்லை. ஆனால் வறுமையுற்ற கூடங்கள் வேறும் இருந்தன. அவையெல்லாம் இவ்வாறு சிந்திக்கவில்லை. ஒரு கருத்தை விளக்க ஒரு கோடு போதுமாயின் இரண்டாவது கோடு எதற்கு என்று இவர்கள் தம்மைத் தாமே கேட்டனர்.

1948இல் கொலம்பியா நிறுவனம் திரையரங்குப் படங்களை இவர்களிடம் ஒப்படைத்தது. நரியும் காகமும் வரும் பழைய தொடரையே முதலிற் செய்யவேண்டியிருந்தது. செய்த அப்படங்களிலும் இரண்டு ஒஸ்கார் பரிசுக்குரியனவாகப் பெயர் குறிக்கப்பட்டன. பின்னர் விலங்குகளை விட்டு மனிதரை வரைய விரும்பினர். 1949இல் வந்த ‘ராக்ரைம் பெயர்’ என்னும் படத்தில் மகூ என்னும் முதியவர் தோன்றினார். கரடியைத் தம் மருமகன் என்று எண்ணி நடத்துபவர் அவர். கண்பார்வை குன்றியவர் என்றே உலகம் அவரை நினைவில் வைத்திருக்கிறது. ஹப்லி கருதியதோ அவருடைய பிடிவாதத்தை. தாம் கொண்டதே மெய் என்று சாதிப்பவனுக்குக் கண் இருந்தும் பயன் என்ன? இந்தக் கூர்மை பின்னர் மழுங்கியது.

இனி ‘ஜெரல்ட் மக்பொயிங்பொயிங்’ பற்றிச் சற்று விரிவாகச் சொல்லவேண்டும். 1950ஆம் ஆண்டுக்குரிய ஒஸ்கார் பரிசை இது பெற்றது. கதை டொக்டர் சூஸ் உடையது; இயக்கியவர் றொபேர்ட் கனன்; உருவமைத்தவர் பில் ஹேர்ட்ஸ்; இசை கெயில் கியூபிக். ஓடும் நேரம் ஏறக்குறைய ஏழு நிமிடம்.

ஜெரல்ட் இரண்டு வயதுப் பாலகன். வாய் திறந்தால் சொல் வருவதில்லை. ஓசைகள் மட்டுமே வருகின்றன. வைத்தியர் வருகிறார், கைவிரிக்கிறார். பள்ளிக்கு அனுப்புகின்றனர், ஆசிரியை கடிதமொன்றைக் கையிற் கொடுத்துத் திருப்பி அனுப்பிவிடுகிறார். பிள்ளைகள் விளையாட்டிற் சேர்ப்பதில்லை. தந்தை சினக்கிறார். ஓரிரவு அச்சிறுவன் வீட்டை விட்டுப் புறப்பட்டுப் போகிறான். ஓடும் புகைவண்டியைப் பிடிக்க முயன்று தோற்று நிற்கையில் வானொலி நிலையத்துக்காரர் ஒருவர் அவனைக் கண்டெடுக்கிறார். நாடகங்களுக்கு ஓசை எழுப்ப அவனைப் போல் ஒருவன் அவருக்குத் தேவையாயிருந்தது. கதை இவ்வளவே. பள்ளிக்கூடக் கடிதம் வரும் இடம் ஆசிரியத் தொழிலில் இருப்போர் தலை குனிந்து பார்க்கவேண்டிய இடம் என்பதை மட்டும் குறித்துச் செல்கிறேன்.

கதையைக் காட்டிலும் அது சொல்லப்பட்ட முறை சிறப்புடையது. வீட்டினுள் சுவரும் நிலமும் கூடும் கோடு இல்லை. ஒரே நிறப்பரப்பு, அதில் ஒரு நாற்காலி, ஒரு விளக்கு. மனிதரின் உடலுக்குத் தனி நிறம் இல்லாமல் பின்னணியின் நிறமே உடலினூடு தெரியும். ஓரிடத்திலிருந்து மற்றோரிடத்துக்குக் கதை செல்லும்போது காட்சியை வெட்டுவதில்லை. சிறுவன் நின்றபடி நிற்க, அவனைச் சுற்றிய பொருள்கள் மறைந்து வேறு பொருள்கள் தோன்றுகின்றன. இன்பமான இடத்தில் நிறம் இளகியிருக்கும். அவன் வீட்டை விட்டு நீங்கும் இரவில் நிறம் இருண்டு, பரப்பு விரிந்து, பிள்ளை ஒரு புள்ளியாகச் சிறுக்கிறான்.

எமது கல்லூரியில் யாப்பிலக்கண வகுப்பு முடிந்த ஒரு மாலை இப்படத்தை மாணவர்க்குக் காட்டினேன். முடிந்ததும் ஒருவன் எழுந்து, “ஐயா, அந்த வீட்டுக்குச் சுவர் இல்லையே” என்றான். அருகிருந்த மாணவி, “நான் சுவரைப் பார்த்தேனே” என்றாள். மீண்டும் ஓட்டிப் பார்த்தோம். சுவர் இல்லை. அவள் பொய் கூறவுமில்லை. இல்லாத சுவரை அவள் உள்ளத்தில் எழுப்பியது எது? நாற்காலியின் இருப்பும் படியின் சாய்வும் சுவர் இருக்கவேண்டிய இடத்தைச் சொல்லிவிட்டன. எழுவாய் தோன்றாது நிற்பினும் பயனிலை அதனைக் காட்டிவிடுதல் போன்றது இது. அதற்குப் பின் அவ்வகுப்புக்குத் தோன்றா எழுவாயைப் பற்றி நான் நீண்ட விளக்கம் கூற நேரவில்லை.

சுருங்கச் சொல்லல் என்பதற்கு இதனின் மேலான இலக்கியம் வேண்டுமோ? விடப்பட்டது எதுவென்று விட்டவனுக்குத் தெரிந்திருக்கிறது. அதனாற் காண்போனுக்கும் தெரிகிறது.

ஹப்லியின் ‘ரூற்றி ரூற் ரூற்’ இதனினும் வேறு வகையானது. 1951ஆம் ஆண்டுப் பரிசுக்குப் பெயர் குறிக்கப்பட்டுத் தோற்றது. பிராங்கி, ஜொனி என்னும் காதலரைப் பற்றிய பழைய அமெரிக்க நாட்டுப் பாடலை நீதிமன்ற வழக்காக்கி, பில் மூர் அமைத்த ஜாஸ் இசைக்கு ஆடும் உருவங்களாக்கினார் ஹப்லி. ஒரே கொலையை ஒவ்வொரு சாட்சியும் ஒவ்வொரு விதமாகக் கூற, ஒவ்வொரு கூற்றுக்கும் சித்திரத்தின் போக்கே மாறுகிறது. மதுச்சாலைக் கதை ஆதலின் பண்டிதர்க்கு உகந்ததன்று என்று யாரும் எண்ணற்க, கலைத்திறத்தில் யூ. பீ. ஏ.யின் முடி இதுவே என்று கூறுவேன். அசைவு குறைந்த படம் என்றும் இதனைச் சொல்லமுடியாது. வேண்டியவிடத்து அசைவைக் கொட்டியிருக்கிறார்கள்.

1953இல் எட்கர் அலன் போவின் ‘ரெல்-ரேல் ஹார்ட்’ கதையைப் படமாக்கினர். இயக்கம் ரெட் பார்மலி. ஓவியம் போல் ஜூலியன். கதை கூறும் குரல் நடிகர் ஜேம்ஸ் மேசனுடையது. கொலைஞனின் கண்வழியே யாவற்றையும் நாம் காண்கிறோம். பல இடங்களில் ஓவியம் அசைவதேயில்லை. நிழல் ஒன்று நகரும், அல்லது காட்சி மெல்ல அணுகும். அந்த அசைவின்மையே அச்சத்தைத் தருகிறது. அதே ஆண்டில் ஜேம்ஸ் தேர்பரின் ஒற்றைக்கொம்புக் குதிரைக் கதையையும், அவருடைய நடுங்கும் பேனாக் கோட்டைக் கெடுக்காமல் இயக்கிக் காட்டினர். இது நன்று எனினும் போவின் கதைக்கு ஈடாகாது.

இவை வெளிவந்துகொண்டிருந்தபோதே வீட்டின் தூண்களை அகற்றும் வேலையும் நடந்தது. 1947 அக்டோபரில், பொதுவுடைமையாளரைத் தேடிய அமெரிக்கக் காங்கிரஸ் குழுவின் முன் வோல்ற் டிஸ்னி சாட்சியமளித்து, தம் கூடத்தில் வேலைநிறுத்தத்தை நடத்திய ஹில்பேர்மனின் பெயரைக் கூறினார். ஹில்பேர்மனும் ஷுவார்ட்ஸும் 1946இலேயே தம் பங்கைப் பொசஸ்ரோவுக்கு விற்று யூ. பீ. ஏ.யை விட்டு நீங்கியிருந்தனர். ஆயினும் சந்தேகம் கூடத்தின் வாயிலிலேயே நின்றது. ‘பிரதர்ஹூட் ஒவ் மான்’ படத்தின் எழுத்தாளருள் ஒருவரான ரிங் லார்ட்னர் இளையவர் அக்குழுவுக்கு விடையளிக்க மறுத்துச் சிறை சென்றவர். 1952இல் கொலம்பியாவிடமிருந்து நெருக்குதல் வந்தது. ஹப்லி வெளியேற நேர்ந்தது. ‘ஜெரல்ட்’ கதையைப் படத்துக்கு அமைத்தவருள் ஒருவரான பில் ஈஸ்ற்மனும் போனார். சக தொழிலாளரின் பெயர்களைச் சொல்லியிருந்தால் ஹப்லி இருந்திருக்கலாம். 1956இல் குழுவின் முன் நிறுத்தப்பட்டபோதும் அவர் சொல்லவில்லை. இடைப்பட்ட காலத்தில் தம் பெயர் வெளித்தெரியாமல் தொலைக்காட்சி விளம்பரப் படங்கள் செய்து பிழைத்தார்.

பொசஸ்ரோவை இங்கு குறை கூறுதல் எளிது. கொலம்பியா கைவிட்டால் கூடமே மூடப்படும். அதில் உழைப்போரின் குடும்பங்கள் எங்கே போகும் என்ற எண்ணம் அவருக்கு இருந்திருக்கும். அதனை யாம் உணர்கிறோம். ஆயினும் மூடாமற் காத்துக்கொண்ட கூடத்தில் எஞ்சியிருந்தது யாது என்பதையும் கேட்கவேண்டும்.

வெளிப்பார்வைக்கு எல்லாம் நிறைவாகவே இருந்தது. 1955இல் நியூ யோர்க் நவீன கலைக் காட்சிச்சாலை யூ. பீ. ஏ.யின் ஆக்கங்களைக் கண்காட்சியாக வைத்தது. 1956ஆம் ஆண்டின் சித்திரக் குறும்படப் பரிசுக்குப் பெயர் குறிக்கப்பட்ட மூன்று படங்களும் இவர்களுடையவை. வேறெந்தக் கூடமும் அவ்வாண்டுப் பட்டியலில் இல்லை. வென்றது மகூ படம். ஆனால் அந்த மகூ, ஹப்லி ஆக்கிய முரட்டு முதியவர் அல்லர். ஐம்பதுக்கு மேற்பட்ட படங்களில் மீண்டும் மீண்டும் தோன்றி, கண் தெரியாமையாற் சிரிப்பூட்டும் நல்ல தாத்தாவாக அவர் மாறிவிட்டார். மொழியில் ஒரு சொல் வழக்கு மிகுந்து பொருள் தேய்ந்துபோவதுண்டு. மகூவுக்கு நேர்ந்தது அதுவே. 1956 டிசம்பரில் ஜெரல்டின் பெயரால் தொலைக்காட்சித் தொடரொன்று தொடங்கி நீடிக்காமற் போயிற்று. 1959 டிசம்பரில் முழுநீளப் படமாக அரபுக் கதை வந்தது. பக்தாது நகரில் விளக்கு விற்கும் மகூ அதிலும் இருந்தார். 1960இல் பொசஸ்ரோ கூடத்தை ஹென்றி சப்பர்ஸ்ரைன் என்பவருக்கு விற்றார்.

விற்றபின் வந்தவற்றை விரைந்து கூறிவிடலாம். மகூ தொலைக்காட்சிப் படங்கள் வரிசையாகக் கொட்டப்பட்டன. 1962இல் டிக்கின்ஸின் கிறிஸ்மஸ் கதையில் மகூவை நடிக்கவைத்த படமொன்று மட்டும் நன்றாக அமைந்தது. அதே ஆண்டில் வந்த ‘கே பேர்ரீ’ என்னும் பூனைக் கதைக்கு வசனம் எழுதியவர் முன்னர்ச் சொன்ன சக் ஜோன்ஸ். 1944இல் உதவியபோது கேட்காத வோர்னர் நிறுவனம் இம்முறை ஒப்பந்தத்தை மீறினார் என்று அவரை விலக்கிவிட்டது. பிற்காலத்தில் சப்பர்ஸ்ரைன் ஜப்பானிய அரக்கப் படங்களை அமெரிக்காவுக்குக் கொண்டுவருவதில் ஈடுபட்டார். மகூவோ 1997இல் நடிகரைக் கொண்டு எடுத்த படமாக வந்தார். அதனைத் தயாரித்து வெளியிட்டது டிஸ்னி நிறுவனம். எவர் வீட்டுப் படியைத் தாண்டி வெளியேறினாரோ அவர் பெற்ற பிள்ளை அவ்வீட்டிலேயே வேடம் புனைய நேர்ந்ததைக் காண ஹப்லி அப்போது உயிரோடு இல்லை.

இனி அப்பழிக்கு வருவோம். 1957இல் ஹன்னா, பார்பெரா இருவரும் தொலைக்காட்சிக்குச் சித்திரப் படம் செய்யத் தொடங்கினர். தலை அசையும், உடல் அசையாது. வாய் மட்டும் திறந்து மூடும். ஓடுபவனுக்குப் பின்னே ஒரே மரமும் ஒரே வீடும் திரும்பத் திரும்ப வரும். அவர்கள் திறமையற்றோர் அல்லர். முன்பு பூனையும் எலியும் துரத்தும் படங்களில் அசைவின் எல்லையைக் கண்டவர்கள். தொலைக்காட்சி கொடுத்த பணத்துக்கு அவ்வளவே செய்யமுடிந்தது. இரு சாராரும் சித்திரத்தைக் குறைத்தனர் என்பதனால் இரண்டும் ஒன்றென்பது, வெண்பாவிலும் தந்தியிலும் சொற்கள் குறைவு. ஆதலின் தந்தி வெண்பாவின் வழித்தோன்றல் என்பது போலாகும். ஜெரல்டின் வீட்டிற் சுவர் விடப்பட்டது, பிள்ளையின் தனிமையை நாம் காண்பதற்காக. பின்னையோர் படத்தில் உடல் அசையாமல் விடப்பட்டது, அதனை வரைய ஆளுக்குக் கூலி இல்லாமையால். ஒன்று சுருக்கம்; மற்றது குன்றல்.

யூ. பீ. ஏ.யே பிற்காலத்திற் குன்றக் கூறியதை மறுக்கவில்லை. அதனைக் கொண்டு முதற் படங்களை மதிப்பிடுதல் ஆகாது என்பதே எமது வழக்கு. நடையைக் கண்டவர்கள் போனபின் நடை மட்டும் நின்றது. காரணத்தை அறிந்து விட்டவர் அகன்ற பிறகு, விடுவது ஒரு பழக்கமாயிற்று. இந்நோய் சித்திரப்படத்துக்கு மட்டும் உரியதோ? இன்று வரும் கவிதைகள் சிலவற்றில் அடிகள் சிறுத்து வெள்ளிடம் பெருத்திருப்பதைக் காண்கையில், அவ்வெள்ளிடத்தில் எச்சொல் விடப்பட்டது என்று எழுதியவரைக் கேட்கத் தோன்றுகின்றது. சிலர் விடை கூறுவர் என்றே நம்புகிறேன்.

மெய்யான வழித்தோன்றல்களைக் காணவேண்டின் வேறிடம் செல்லவேண்டும். டிஸ்னி கூடமே 1953இல் ‘ரூற், விசில், பிளங்க் அன்ட் பூம்’ என்ற இசைப்பாடப் படத்தை இந்நடையில் எடுத்துப் பரிசு பெற்றது. 1952இல் ‘த போர் போஸ்ரர்’ என்னும் கொலம்பியாப் படத்தின் இடையிடையே ஹப்லி முதலியோர் அமைத்த சித்திரப் பகுதிகள் யூகோஸ்லாவியாவின் சாக்ரெப் நகரை எட்டின. அங்கிருந்த இளைஞர் அவற்றைக் கூர்ந்து கற்றனர். அவருள் ஒருவரான டுஷான் வுக்கோத்திச் 1961இல் ஆக்கிய ‘சுரொகாற்’, அமெரிக்கருக்கு வெளியே ஒஸ்கார் பெற்ற முதற் சித்திரக் குறும்படமாயிற்று. ஈஸ்ற்மன் குழந்தைகளுக்கு நூலெழுதப் போனார். தாயைத் தேடும் பறவைக் குஞ்சின் கதை 1960இல் வந்தது. ஓரிரு நிறம், சில சொற்கள். அதனைப் படித்த எந்தக் குழந்தையும் ஏதோ குறைகிறது என்று சொன்னதில்லை. ஹப்லி தம் மனைவி பெய்த் ஹப்லியோடு சேர்ந்து, தம் பிள்ளைகள் இருவர் விளையாட்டாகப் பேசியதை ஒலிப்பதிவு செய்து அதற்குச் சித்திரம் அமைத்தார். ‘மூன்பேர்ட்’ என்னும் அப்படமும் 1959இன் படமே. அரபுக் கதைப் பெரும்படம் வந்த அதே ஆண்டு. அவ்வாண்டுக்குரிய ஒஸ்கார் சித்திரக் குறும்படப் பரிசு அதற்குக் கிடைத்தது.

இப்படங்களுட் பல இன்று கணினியிற் காணக் கிடைக்கின்றன. மாணவர்க்குக் காட்ட விரும்பும் ஆசிரியர் ‘ஜெரல்ட்’ படத்தில் தொடங்குக. ஒருமுறை ஒலியோடும் ஒருமுறை ஒலியில்லாமலும் காட்டுக. உயர்வகுப்பாயின் ‘ரூற்றி ரூற் ரூற்’ படத்தைக் காட்டி, சாட்சிகளின் கூற்றுக்களை ஒப்பிட்டு எழுதச் சொல்லலாம். போவின் கதை சிறு பிள்ளைகளுக்கு வேண்டாம். பிரித்தானியாவில் முதியோர் மட்டுமே பார்க்கலாம் என்று சான்றிடப்பட்ட முதற் சித்திரப்படம் அதுவே.